இல்லை என்று சொல்லாத அலுவலகம்

இந்தச் சம்பவத்தைச் சொல்லும் உரிமை எங்கள் வீட்டில் என் மனைவியிடம் இருந்தது. கல்யாண வீடுகளில் பந்தி முடிந்து எல்லோரும் வெற்றிலைத் தட்டைச் சுற்றி உட்காரும் வேளையில் யாராவது அவளைத் தூண்டிவிடுவார்கள். அவள் சொல்லும் வடிவத்தில் நான் மூன்று பட்டம் பெற்ற அசடு. நடுவில் நான், "அது வழக்கு இல்ல, ரிட் மனு" என்று திருத்துவேன். அவள் கேட்பவர்களைப் பார்த்து, "பாத்தீங்களா, இன்னும் அப்படியேதான் இருக்காரு" என்பாள். அந்தத் திருத்தம் இல்லாவிட்டால் அவளுடைய கதைக்குச் சுவை குறைந்துவிடும் என்பதைப் பிற்காலத்தில் நான் புரிந்துகொண்டு, சரியான இடத்தில் தவறாமல் குறுக்கிட்டு வந்தேன்.

சென்ற மாசியிலிருந்து அந்த உரிமை என்னை வந்தடைந்திருக்கிறது. வேண்டாத சொத்தும் சட்டப்படி இப்படித்தான் வந்து சேரும். நினைவில் நிற்கும் இடங்களில் அவளுடைய சொற்களையே வைத்திருக்கிறேன். மற்ற இடங்களில் இருப்பவை என் சொற்கள்; அவற்றை அவள் அனுமதித்திருக்க மாட்டாள்.

அறுபதுகளின் இறுதியில் நான் அம்பத்தூரில் வாடகைக்கு இருந்தேன். உயர் நீதிமன்றத்தில் ஒரு மூத்த வழக்கறிஞரிடம் ஜூனியர். கல்விக்கும் வருமானத்துக்கும் உறவு கிடையாது என்பதை என் வாசலில் தொங்கிய பெயர்ப்பலகையே தெருவுக்கு அறிவித்துக்கொண்டிருந்தது. பட்டங்கள் பெயரைவிட நீளமாக இருந்தன. பலகையைப் படித்துவிட்டு உள்ளே வந்தவர்கள் பெரும்பாலும் வேறு யாருடைய வீட்டுக்கோ வழி கேட்க வந்தவர்கள். தெருவின் ஒரு முனையில் தொழிற்பேட்டையின் சங்கு ஊதும். மறுமுனையில் நாற்று நடுவார்கள். எதிர் வீட்டுக்காரர் சைக்கிள் தொழிற்சாலையில் கடைசல் இயந்திரத்தில் வேலை பார்த்தார். அவருடைய தகப்பனார் அந்த மறுமுனை வயல்களில் கூலிக்கு உழுதவர்.

என் மனைவி அரசுப் பெண்கள் உயர்நிலைப் பள்ளியில் கணக்கு ஆசிரியை. பள்ளி இருந்தது தெற்கே, ஓர் இரவு ரயிலுக்கும் இரண்டு பேருந்துகளுக்கும் அப்பால். திருமணத்துக்கு முன்பே வாங்கிய வேலை. "கவர்மெண்டு மொதல்ல வந்து கேட்டுச்சு, நீங்க அப்புறம்தான் வந்தீங்க. அதனால அதுக்குத்தான் முன்னுரிமை" என்பாள். வேலையை விடச் சொல்லி நான் கேட்கவில்லை. கேட்டிருந்தாலும் விட்டிருக்க மாட்டாள். அவளுடைய சம்பளம் முதல் தேதியில் வந்தது. என்னுடைய வருமானம் அயனம்பாக்கம் ஏரியைப் போல, பெய்தால் உண்டு. ஆகவே காலாண்டு விடுமுறை, அரையாண்டு விடுமுறை, கோடை விடுமுறை என்று பள்ளி அட்டவணையை ஒட்டியே எங்கள் இல்லறம் நடந்தது. மற்ற மாதங்களில் நான் ஸ்டவ்வில் எதையோ கொதிக்கவைத்து, எதையோ சாப்பிட்டேன்.

ஓரிடத்தில் குறிப்பிட்ட காலம் பணியாற்றியவர்கள் மாறுதல் கேட்டு விண்ணப்பிக்கலாம். பூந்தமல்லி பெண்கள் பள்ளியைக் கேட்டு அவள் விண்ணப்பித்தாள். அம்பத்தூரிலிருந்து பேருந்தில் போய்வரக்கூடிய ஊர். மனுவை எழுதியவன் நான். அரசியலமைப்புச் சட்டத்தின் சமத்துவக் கோட்பாட்டில் தொடங்கி, இயற்கை நீதி, நல்லாட்சி ஆகியவற்றைத் தொட்டு, பல பக்கங்களுக்குப் பிறகு பூந்தமல்லிக்கு வந்து சேர்ந்த மனு. கையெழுத்திடும்போது அவள் கடைசிப் பக்கத்திலிருந்து பின்னோக்கிப் படித்தாள். "கணக்குல விடையை மொதல்ல பாத்துடணும். இதுல அது எங்க இருக்குன்னு தேடுறேன்" என்றாள்.

மனு, தலைமையாசிரியை வழியாக முறைப்படி மேலே சென்று, சென்னையில் இருந்த துறை அலுவலகத்தை அடைந்தது. பதிலும் வந்தது: 'தங்கள் மனு பரிசீலனையில் உள்ளது.' சில மாதங்கள் கழித்து நினைவூட்டினோம். பதில் வந்தது: 'தங்கள் மனு பரிசீலனையில் உள்ளது.' அடுத்த ஆண்டும் நினைவூட்டினோம். இந்த முறை, 'தொடர்ந்து' என்ற ஒரு சொல் கூடியிருந்தது. அதை முன்னேற்றமாக எடுத்துக்கொள்வதா என்று அவள் கேட்டாள்.

இங்கே சட்டத்தைச் சற்று விளக்க வேண்டும். அவள் சொல்லும்போது இந்தப் பத்தியைத் தாண்டிப் போய்விடுவாள். ஓர் அரசு ஊழியரை இன்ன ஊருக்கு மாற்று என்று நீதிமன்றம் கட்டளையிடாது; யாரை எங்கே அமர்த்துவது என்பது நிர்வாகத்தின் வேலை. ஆனால் முடிவெடுக்கக் கடமைப்பட்ட அதிகாரி முடிவே எடுக்காமல் இருந்தால், 'ஏதேனும் ஒரு முடிவை எடு' என்று அவருக்கு ஆணையிட முடியும். செயலுறுத்தும் பேராணை என்று அதற்குப் பெயர். அதைக் கேட்டு வருபவர் தாம் கோரியதையும், அது மறுக்கப்பட்டதையும் காட்ட வேண்டும் என்பது பழைய விதி. நீண்ட மௌனத்தையும் மறுப்பாகக் கொள்ளலாம் என்று தீர்ப்புகள் இருந்தன. எங்கள் சங்கடமோ வேறு. அந்த அலுவலகம் மௌனமாக இருக்கவில்லை. ஒவ்வொரு கடிதத்துக்கும் மரியாதையாகப் பதில் எழுதிற்று. முடியாது என்ற ஒன்றைத் தவிர மற்ற எல்லாவற்றையும் எழுதிற்று.

என் மூத்த வழக்கறிஞர், "தாமதமே மறுப்புதான்யா, போடு மனுவை" என்றார். எனக்கு மனம் ஒப்பவில்லை. அரைகுறை மறுப்பை வைத்துக்கொண்டு நீதிமன்றத்துக்குப் போவது, சட்டை இல்லாமல் அங்கி மட்டும் அணிந்து போவதைப் போல எனக்குத் தோன்றியது. முழுமையான, கையெழுத்திட்ட, மறுப்பு என்று ஐயமின்றிச் சொல்லத்தக்க ஒரு தாள் எனக்கு வேண்டியிருந்தது. அதை யாரிடம் கேட்பது என்பதும் எனக்குத் தெரிந்திருந்தது.

எங்கள் மனு யாருடைய மேசையில் இருந்ததோ அந்தக் குமாஸ்தா, நான் போகும் அதே காலை ரயிலில் போனார். பாரிவாக்கத்தில் பல தலைமுறையாக நிலம் வைத்திருந்த குடும்பம். விடியலில் வயலுக்குத் தண்ணீர் பாய்ச்சிவிட்டு, ஆவடி நிலையம் வரை சைக்கிளில் வந்து, ரயிலேறி அலுவலகம் போகிறவர். அம்பத்தூரில் நான் ஏறும்போது பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு இடம் தருவார். நெற்றியில் பெரிய விபூதிப் பட்டை. சட்டைப்பையில் இரண்டு பேனா. காலில் சில நாட்களில் வயல் சேறு. அவரைப்போல் இனிமையான மனிதரை நான் அதிகம் பார்த்ததில்லை. அதுதான் சிக்கல்.

"உக்காருங்க வக்கீல் சார். எடம் கீது."

"நம்ம மனு என்ன ஆச்சு?"

"பரிசீலனைல கீது சார்."

"எப்ப முடியும்?"

"முடிஞ்சிட்டா அப்பால இன்னா சார் கீது? முடியாத வரிக்கும் அம்மாவுக்கு ஒரு நம்பிக்கை."

வில்லிவாக்கம் தாண்டும் வரை காத்திருந்துவிட்டு, ஒரு காலையில் நான் கேட்டேன்.

"எனக்கு ஒரு உதவி செய்யணும் நீங்க. மாறுதல் தர முடியாதுன்னு ஒரு பதில் போடணும்."

அவர் என்னை முழுதாகத் திரும்பிப் பார்த்தார். "யாருக்கு சார்?"

"என் மனைவிக்குத்தான்."

அவர் குரலைத் தாழ்த்தினார். "ஊட்ல எதுனா மனஸ்தாபமா சார்?"

"அதெல்லாம் இல்ல. நீங்க முடியாதுன்னு சொன்னாதான் நான் கோர்ட்டுக்குப் போக முடியும்."

"கோர்ட்டுக்குப் போனா?"

"மனுவைப் பரிசீலிக்கணும்னு உங்களுக்கு உத்தரவு போடுவாங்க."

"அதத்தான சார் இப்பவே பண்ணிகினு கீறோம்?"

எதிர் இருக்கையில் சாப்பாட்டுக் கேரியரை அணைத்தபடி தூங்குவதாகப் பாவனை செய்துகொண்டிருந்த ஒருவருடைய வயிறு குலுங்கியது. நான் படித்த எந்தத் தீர்ப்பிலும் இந்தக் கேள்விக்குப் பதில் இருந்ததாக நினைவில்லை.

அவர் என் முழங்காலைத் தட்டி ஆறுதல் சொன்னார். "நான் இந்த சீட்டுக்கு வந்து ஒரு பொம்பளப் புள்ளைக்கும் இல்லன்னு எழுதுனது கெடயாது சார். எழுதவும் கை வராது. குடும்பம் நடத்தறவங்க பாருங்க. நல்லதே நடக்கும்."

அந்தக் கோடையில் அவள் வந்திருந்தபோது இதைச் சொன்னேன். முறத்தில் அரிசியை வைத்துக் கல் பொறுக்கிக்கொண்டிருந்தாள். நான் எதிர்பார்த்த அனுதாபம் கிடைக்கவில்லை. மனஸ்தாபம் என்ற இடத்தில் அவள் சிரிக்கத் தொடங்கினாள்; முறத்தைக் கீழே வைக்க வேண்டியிருந்தது.

அப்போது எதிர் வீட்டுக்காரரின் மனைவி வாசலில் வந்து நின்றாள். கையில் ஒரு படி. "டீச்சரம்மா, ஊட்ல அரிசி நெறஞ்சிகீது" என்றாள்.

நான் எழுந்து போய்ப் படியை வாங்கி, அரிசி அளந்து கொடுத்துவிட்டு வந்தேன். இதில் விளக்க எதுவுமில்லை. எங்கள் பக்கத்தில் எந்த வீட்டிலும் அரிசி தீர்ந்துபோவதில்லை, நிறைந்துதான் போகும். விளக்கை யாரும் அணைப்பதில்லை, அமர்த்துவார்கள். புறப்படுகிறவர் போவதில்லை, வருவார்.

அவள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"அந்தம்மா நெறஞ்சிருக்குன்னு சொன்னதும் நீங்க ஏன் எழுந்து போனீங்க? ரொம்ப சந்தோஷம்னு சொல்லிட்டு உக்காந்திருக்க வேண்டியதுதானே?"

"அது வேற."

"ஒண்ணும் வேற இல்ல. அந்த மனுஷர் பரிசீலனைன்னு சொல்றதும் அதேதான். ரெண்டு வருஷமா உங்ககிட்ட எடமே இல்லன்னு சொல்லிக்கிட்டு இருக்காரு. அரிசின்னா புரியுது, ஆபீஸ்னா புரிய மாட்டேங்குது."

"ஆனா அதை நீதிமன்றத்துல சாட்சியமா—"

"தெரியும்." முறத்தை மீண்டும் எடுத்துக்கொண்டாள். இரண்டு கல்லைப் பொறுக்கி எறிந்தாள். பிறகு முறத்தைப் பார்த்தபடியே, "எனக்கு நீதி, சமத்துவம் இதெல்லாம் வேணாங்க. சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டதும் இந்த வீட்டுக்கு வரணும். அவ்வளவுதான்" என்றாள்.

அவள் வேடிக்கையின்றிப் பேசியது அந்தக் கோடையில் அந்த ஒரு முறைதான். அடுத்த வாரமே நான் மூத்த வழக்கறிஞர் சொன்னபடி மனுவைத் தாக்கல் செய்ய ஏற்பாடு செய்தேன். அரைகுறை மறுப்போடுதான். அங்கி மட்டும் அணிந்து.

விசாரணை நாளில் மூத்த வழக்கறிஞர் வாதாடினார். நான் பின்வரிசையில், பக்கங்களுக்கு இடையில் தாள் சொருகிய புத்தகங்களை ஏந்திக்கொண்டு நின்றேன். அவற்றில் ஒன்றையும் அவர் கேட்டு வாங்கவில்லை. அரசு வழக்கறிஞர் எழுந்து மனு பரிசீலனையில் இருப்பதாகச் சொன்னார். எப்போதிலிருந்து என்று நீதிபதி கேட்டார். தொடக்கத்திலிருந்தே என்றார் அவர், சற்றுப் பெருமையோடு.

நீதிபதி காகிதங்களைப் புரட்டினார். நீதிமன்றத்தின் மொழி ஆங்கிலம். நான் பொருளை மட்டும் தருகிறேன். மனுதாரரின் கணவர் என்ன செய்கிறார் என்று கேட்டார். மூத்த வழக்கறிஞர் சிறிதும் தயங்காமல் கையைப் பின்னால் நீட்டி, "இதோ, புத்தகம் சுமந்துகொண்டு நிற்கிறார்" என்றார். நீதிபதி மூக்குக்கண்ணாடிக்கு மேலாக என்னைப் பார்த்தார். மனுவை எழுதியதும் இவர்தானா என்று கேட்டார். ஆம் என்று பதில். "அப்படியானால் இந்த அம்மையாருக்குக் கணவரின் அருகில் வர விருப்பம் உண்டு என்பதை அந்த அம்மையாரிடமே உறுதி செய்துகொண்டீர்களா?" என்றார். நீதிமன்றம் முழுவதும் சிரித்தது. அரசு வழக்கறிஞர் எல்லோரையும்விட உரக்கச் சிரித்தார். நான் புத்தகங்களை இன்னும் சற்று உயர்த்திப் பிடித்துக்கொண்டேன்.

சிரிப்பு அடங்கியதும் சில வரிகளில் ஆணை பிறந்தது. முடிவில்லாத பரிசீலனை பரிசீலனை ஆகாது. எட்டு வாரத்துக்குள் மனுவின் மீது ஒரு முடிவெடுத்து மனுதாரருக்குத் தெரிவிக்க வேண்டும். முடிவு என்னவாக இருக்க வேண்டும் என்பதில் இந்த நீதிமன்றம் தலையிடவில்லை. நான் அதற்குப் பிறகு எத்தனையோ ஊழியர்களுக்காக இதே ஆணையைப் பெற்றுத் தந்திருக்கிறேன். ஒவ்வொருவரிடமும் கடைசி வாக்கியத்தை இருமுறை படித்துக் காட்டுவதை வழக்கமாக வைத்திருந்தேன். என் மனைவிக்கு அதைப் படித்துக் காட்டவேண்டிய தேவை இருக்கவில்லை. கடைசி வரியிலிருந்து படிக்கும் பழக்கம் அவளுக்கு முன்பே இருந்தது.

எட்டாவது வாரத்தில் ஒரு காலை, அம்பத்தூரில் ரயில் நின்றபோது, பாரிவாக்கத்துக்காரர் எனக்கு இடம் வைத்திருந்தார். ஆனால் முகத்தை ஜன்னல் பக்கம் திருப்பிக்கொண்டிருந்தார்.  பேசின் பிரிட்ஜ் வந்ததும் சட்டைப்பையிலிருந்து ஒரு சிறு காகிதப் பொட்டலத்தை எடுத்து என் உள்ளங்கையில் வைத்தார்.

"இன்னாது இது?" என்று அவருடைய பேச்சிலேயே கேட்டுவிட்டேன்.

"திருவேற்காட்டு குங்குமம் சார். அம்மாவுக்குக் குடுங்க. நேத்து என் கையால எழுத வேண்டியதாப் பூடுச்சு. எட்டு வாரம்னு கோர்ட்டு சொல்லிட்ச்சே, எடம் காலி இல்ல, ஆபீசர் போடுய்யான்னாரு. வெள்ளிக்கிழமை வேற. எழுதிட்டு நேரா கோயிலுக்குப் போய்ட்டேன்."

என்ன எழுதினார் என்பதைக் கடைசி வரை அவர் வாயால் சொல்லவில்லை.

ஆணை அவளுக்குப் பள்ளி வழியாகவும், எங்களுக்கு மூத்த வழக்கறிஞரின் அறை வழியாகவும் வந்தது. கணவனும் மனைவியும் இருவருமே அரசு ஊழியர்களாக இருந்தால் அருகருகே அமர்த்தலாம் என்று ஒரு வழிகாட்டுதல் உண்டு. மனுதாரரின் கணவர் அம்பத்தூரில் வசிக்கும் வழக்கறிஞர், அரசு ஊழியர் அல்லர். பூந்தமல்லியில் காலியிடமும் இல்லை. ஆகவே மனு நிராகரிக்கப்படுகிறது. கீழே, நகல் பெறுவோர் வரிசையில், அவள் கேட்டிருந்த பூந்தமல்லிப் பள்ளியின் தலைமையாசிரியை.

காலாண்டு விடுமுறைக்கு அவள் வந்திறங்கியபோது நான் அந்தத் தாளை ஜன்னலருகே பிடித்துக்கொண்டு மூன்றாம் முறையாகப் படித்துக்கொண்டிருந்தேன். அற்புதமான மறுப்பு. ஐயத்துக்கு இடமில்லை. காரணமும் கூறப்பட்டிருந்தது, அந்தக் காரணத்தில் குறைந்தது இரண்டு ஓட்டைகள் இருந்தன.

"உங்க முகத்தப் பாத்தா எனக்கு மாத்தல் கெடச்ச மாதிரி இருக்கு" என்றாள்.

"இதை எதிர்த்து இனிமேதான் உண்மையான மனு போடலாம். இதுவரைக்கும் நம்மகிட்ட எதிர்க்க ஒண்ணுமே இல்ல."

"ஆமாங்க. இப்ப எதிர்க்க ஒண்ணு இருக்கு. வீட்டுக்கு வர வழிதான் இல்ல."

எதிர் வீட்டுக்காரர் ஷிப்ட் முடிந்து சைக்கிளைத் தள்ளிக்கொண்டு வந்தவர் வேலியருகே நின்றார்.

"இன்னா சார், கேசு இன்னாச்சு? செயிச்சீங்களா?"

"ஜெயிச்சோம்" என்றேன்.

"அப்ப டீச்சரம்மா இங்கயே வந்துடறாங்களா?"

"வரல."

அவர் சைக்கிள் மணியை ஒருமுறை காரணமின்றி அடித்தார். "அப்ப இன்னா சார் செயிச்சீங்க?" அவர் என்னை மடக்கக் கேட்கவில்லை. தெரிந்துகொள்ளவே கேட்டார். "எங்க கம்பெனில ஸ்ட்ரைக்கு தோத்தாக்கூட நாலணா கூலி ஏறும்."

உள்ளேயிருந்து அவள் சிரிக்கும் சத்தம் கேட்டது. பிறகு அது நின்றது. நான் உள்ளே போனபோது அவள் பெட்டியைத் திறக்காமலே அதன்மீது உட்கார்ந்திருந்தாள். நான் ஓட்டைகளைப் பற்றிப் பேசவில்லை.

அந்த விடுமுறை முடியும் முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை, அவள் வயதுடைய ஒரு பெண் எங்கள் வாசலில் வந்து நின்றாள். பூந்தமல்லியிலிருந்து பேருந்தில் வந்து, நிறுத்தத்தில் வக்கீல் வீடு எது என்று கேட்டு நடந்து வந்திருக்கிறாள். கட்சிக்காரர் என்று எண்ணி நான் அவசரமாகச் சட்டையை மாட்டிக்கொண்டேன். அவள் என்னைத் தாண்டி என் மனைவியைப் பார்த்தாள்.

"நீங்கதானக்கா பூந்தமல்லி கேட்டு, முடியாதுன்னு பதில் வாங்கினது?"

"நானேதான். உள்ள வாங்க. மொதல்ல தண்ணி குடிங்க."

"நான் அந்தப் பள்ளிக்கூடத்துலதான் இருக்கேன். எங்க ஹெட்மிஸ்ட்ரஸுக்கு எந்தத் தபால் வந்தாலும் ஸ்டாஃப் ரூம்ல சத்தமா வாசிக்கிற பழக்கம். யாரோ ஒரு டீச்சர் நம்ம எடத்துக்குக் கேட்டிருக்காங்க, கோர்ட் வரைக்கும் போயிருக்காங்கன்னு வாசிச்சாங்க. எந்த ஊர்ல இருந்துன்னு கேட்டேன். ஊர்ப் பேரச் சொன்னதும் எந்திரிச்சுப் போய் அந்தத் தாளை வாங்கிப் படிச்சேன்க்கா, அதுலதான் அம்பத்தூர் வக்கீல்னு இருந்துச்சு."

"ஏன்?"

"அது எங்க ஊரு. எங்க அப்பாவும் வீட்டுக்காரரும் அங்கதான் இருக்காங்க. அங்க மாத்தல் கேட்டு நானும் மனு போட்டுட்டு உக்காந்திருக்கேன்."

என் மனைவி சொம்பைக் கீழே வைத்தாள். "என்ன பாடம் எடுக்கிறீங்க?"

"கணக்கு."

"உயர்நிலைப் பள்ளி கிரேடுதானே?"

"அதேதான்."

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒரே தகுதியும் ஒரே பாடமும் உள்ள இருவர் தங்களுக்குள் இடம் மாற்றிக்கொள்ளச் சம்மதித்தால், காலியிடம் என்ற பேச்சே எழாது. மனமொத்த மாறுதல் என்பது அதற்குப் பெயர். விதிகளில் அது எப்போதும் இருந்தது. மறுமுனையில் இருப்பவர் யார் என்பதுதான் யாருக்கும் தெரியாது.

கூட்டு மனு ஒன்றை எப்படி அமைக்கலாம் என்று நான் தொடங்கினேன். "இதுல முதல் பகுதியில உண்மைகளைச் சொல்லிட்டு—"

"ஏங்க, அந்தப் பேனாவ மட்டும் குடுங்க" என்றாள் அவள். "நீங்க எழுதினா இதுக்கும் கோர்ட்டுக்குப் போகணும்."

மனு ஆறு வரியில் முடிந்தது. வந்த பெண் கையெழுத்திட்டுவிட்டு, சாப்பிட்டுவிட்டு, பூந்தமல்லிப் பள்ளிக் கிணற்றுத் தண்ணீர் உப்புக் கரிக்கும் என்று என் மனைவியிடம் எச்சரித்தாள். இவள் பதிலுக்கு, தெற்குப் பள்ளியில் ஒன்பதாம் வகுப்பு 'பி' பிரிவை நம்ப வேண்டாம் என்று சொல்லி அனுப்பினாள். இருவரும் ஒருவர் இருக்கையை மற்றவரிடம் அப்போதே ஒப்படைத்துவிட்டார்கள்.

இதை நான் ரயிலில் சொன்னபோது பாரிவாக்கத்துக்காரர் தம் நெற்றியில் லேசாக அடித்துக்கொண்டார்.

"அந்த அம்மா மனு பக்கத்து டேபிள்ல கீது சார்."

"ரெண்டு மனுவும் ஒரே அறையிலயா இருந்துச்சு?"

"அவங்க போவ வேண்டிய ஜில்லா பேர்லதான் நாங்க கட்டு கட்டுவோம். உங்க ஊட்டம்மா கேட்டது பூந்தமல்லி, அது செங்கல்பட்டுக் கட்டு, என்னுது. அந்தம்மா தெக்கத்திக் கட்டு, அவருது."

"ரெண்டு மேசைக்கும் நடுவுல எவ்வளவு தூரம்?"

"நடுவுல தண்ணிப் பான கீது சார்."

"நீங்க ரெண்டு பேரும் பேசிக்கறதே இல்லையா?"

"இன்னா சார் இப்டி கேட்டுட்டீங்க? அவரு எனக்கு சம்பந்தி மொறை. தெனம் ஒண்ணாதான் சாப்பிடறோம்." சற்று யோசித்துவிட்டுச் சொன்னார்: "சாப்பிடறப்போ ஆபீஸ் பேச்சு எடுக்க மாட்டோம்."

அரையாண்டு விடுமுறைக்குள் உத்தரவு வந்துவிட்டது. அவர் அதை முன்கூட்டியே, ரயில் நிற்பதற்குள் ஜன்னல் வழியாகத் தலையை நீட்டி எனக்குச் சொன்னார். "ரெண்டு பேருக்கும் ஒரே தாள்ல எழுதிட்டேன் சார். என் கையாலயே." அவர் அவ்வளவு உரக்கப் பேசி நான் அதற்கு முன்பு கேட்டதில்லை.

அவள் ஒரு டிரங்குப் பெட்டியோடும், பள்ளியில் பிரிவுபசாரமாகக் கொடுத்த சுவர்க்கடிகாரத்தோடும் வந்து இறங்கினாள். எதிர் வீட்டுக்காரர் பெட்டியைத் தம் சைக்கிள் கேரியரில் ஏற்றித் தள்ளிக்கொண்டு வந்தார். வாசலில் அதை இறக்கிவைத்துவிட்டு, "இப்பதான் சார் செயிச்சிகீறீங்க" என்றார்.

யார் ஜெயித்தது என்பது எங்கள் வீட்டில் கடைசி வரை தீராத வழக்காக இருந்தது. நீதிமன்றம் கட்டளையிட்டிராவிட்டால் மறுப்பு பிறந்திருக்காது, மறுப்பு பிறந்திராவிட்டால் நகல் போயிருக்காது, நகல் போயிராவிட்டால் அது வாசிக்கப்பட்டிருக்காது. ஆகவே அவளை அழைத்து வந்தது சட்டமே என்பது என் வாதம். "அப்படிப் பாத்தா அந்த ஹெட்மிஸ்ட்ரஸுக்கு எழுத்துக்கூட்டிப் படிக்கக் கத்துக்குடுத்த வாத்தியாருக்கு மாலை போடணும்" என்பது அவள் வாதம். கல்யாண வீடுகளில் தீர்ப்பு எப்போதும் அவள் பக்கமே வந்தது. நான் மேல்முறையீடு செய்யவில்லை.

ஓய்வு பெறும் வரை பூந்தமல்லியிலேயே பணியாற்றினாள். மாலையில் பேருந்து நிறுத்தத்தில் ஒரு முழம் மல்லிகை வாங்கி, தலையில் வைத்துக்கொள்ளாமல் இலைப் பொட்டலமாகவே கையில் பிடித்துக்கொண்டு வருவாள். வெளிக்கதவின் தாழ்ப்பாள் முதலில் ஒருமுறை சிக்கி, பிறகு விடுபடும். அந்தத் தாழ்ப்பாளைச் சரிசெய்ய வேண்டும் என்று பல ஆண்டுகள் சொல்லிக்கொண்டிருந்தேன்.

வீடு இப்போதும் அதே தெருவில்தான். பிற்பாடு அதையே வாங்கிவிட்டோம். வயல் இருந்த முனையில் அடுக்குமாடிகள் வந்துவிட்டன. திருவேற்காட்டுப் பக்கத்திலிருந்து ஒரு கீரைக்கார அம்மாள் வருவது வழக்கம். மாசிக்கு முன்பே மகளின் பிரசவத்துக்குப் போனவள், பல மாதங்கள் கழித்து நேற்றுக் காலை மறுபடி வந்தாள். கூடையை இறக்கிவைத்துவிட்டு, தாழ்ப்பாளில் கையை வைத்தபடி உள்ளே எட்டிப் பார்த்தாள்.

"ஐயா, அம்மா கீறாங்களா?"

ஒரே சொல்லில் சொல்லக்கூடிய பதில் என்னிடம் இருந்தது. ஐயத்துக்கு இடமற்ற, முழுமையான பதில். அப்படிப்பட்ட ஒன்றைத்தான் நான் ஒரு காலத்தில் வில்லிவாக்கம் தாண்டிய ரயிலில் கெஞ்சிக் கேட்டேன்.

"வெளிய போயிருக்காங்கம்மா" என்றேன்.

"இந்த வெயில்லயா? எங்க போனாலும் கொடையே எடுத்துகினு போவ மாட்டாங்க." கூடையிலிருந்து ஒரு கட்டு அரைக்கீரையை எடுத்து மதில்மேல் வைத்தாள். "அவங்களுக்குப் புடிச்சது. குடுத்துடுங்க. நாளைக்கு வந்து பாத்துக்கறேன்."

கீரையை உள்ளே கொண்டுபோய்த் தண்ணீர் தெளித்து வைத்தேன். பாரிவாக்கத்துக்காரர் கேட்டிருந்தால் என் பதிலில் குற்றம் கண்டிருக்க மாட்டார். நாளைக்கும் அவள் வந்து கேட்பாள். நாளைக்கும் அதையே சொல்வேன் என்றுதான் நினைக்கிறேன்.